படுவான்கரைக்கு ஒரு நாள்: போரின் வரலாற்றையும் கிராமத்து வாழ்வையும் எப்படிச் சேர்த்துக் காட்டுவது?

வாவிக்கரையான் எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். வருகிற ஆகஸ்ட் விடுமுறையில் கனடாவிலிருந்தும் சுவிற்சர்லாந்திலிருந்தும் எங்கள் உறவினர்களின் பிள்ளைகள் 14 பேர் மட்டக்களப்புக்கு வருகிறார்கள். 16 முதல் 22 வயது வரையானவர்கள். அவர்களில் பாதிப்பேர் பிறந்ததிலிருந்து ஊரைப் பார்த்ததில்லை. பாசிக்குடாவில் குளித்துவிட்டு, கோயிலுக்குப் போய்விட்டு, விருந்துச் சோறு உண்டுவிட்டு விமானம் ஏறுவதோடு அவர்களுடைய ஊர்ப் பயணம் முடிந்துவிடக் கூடாது என்று எனக்குத் தோன்றியதால், ஒரு முழு நாளை ஒதுக்கி, வழிகாட்டியோடு அழைத்துச் செல்லலாம் என்று எண்ணியிருக்கிறேன். சரியாக நடந்தால் இதையே பல்கலைக்கழக மாணவர்களுக்கும் தொடர்ந்து செய்யலாம் என்பது என் நினைப்பு.

நான் போட்டுவைத்திருக்கும் திட்டம் இதுதான். காலை ஆறு மணிக்குக் கல்லடிக் கடற்கரையில் நின்று, 1942ஆம் ஆண்டு யப்பானியர் மூழ்கடித்த ஹேர்மிஸ் கப்பலைக் காட்டி அதன் கதையைச் சொல்வது. அதன் பின்னர் கோட்டை. அங்கிருந்து மண்முனைப் பாலத்தால் வாவியின் மேற்குக் கரையான படுவான்கரைக்குக் கடந்து, கொக்கட்டிச்சோலைத் தான்தோன்றீச்சரர் ஆலயம், போர்க்காலத்தில் கொல்லப்பட்ட ஊரவர்களுக்கான மகிழடித்தீவு நினைவுத்தூபி ஆகியவற்றைப் பார்ப்பது. நண்பகலில் ஒரு வயல்வாடியில் (வயலோரக் குடிலில்) சோறு. பின்னர் மாட்டுப்பட்டியில் பால் கறப்பதையும் தயிர் போடுவதையும் பார்த்து, வாவியில் வள்ளம் வலித்து, வீச்சுவலை எறியக் கற்றுக்கொள்வது. பொழுது சாய்வதற்குள் குடும்பிமலை அடிவாரத்தையும் பார்த்துவிடலாம் என்று நினைத்தேன்.

இந்த நிரலில் பிழைகள் இருந்தால் தயவுசெய்து சொல்லுங்கள். அதைவிட முக்கியமாக, உயிரிழந்தவர்களை நினைவுகூரும் இடத்தையும் பிள்ளைகள் சேற்றில் இறங்கிச் சிரித்து விளையாடும் இடத்தையும் ஒரே நாளில் வைப்பது முறைதானா என்பதை அந்தப் பக்கத்து மக்களே சொல்ல வேண்டும் என்று விரும்புகிறேன்.

---

ஆழ்கடலோடி எழுதியது:

தம்பி, நல்ல முயற்சி. ஆனால் ஹேர்மிஸைக் கரையில் நின்று காட்ட முடியாது. அது கல்லடிக்கு நேரே சுமார் 9 கிலோமீற்றர் தொலைவில், 50 மீற்றருக்கும் அதிகமான ஆழத்தில் பக்கம் சாய்ந்து கிடக்கிறது. பொழுதுபோக்காகச் சுழியோடுபவர்களுக்கு வகுக்கப்பட்ட எல்லை 40 மீற்றர் என்பதால், அதற்கென்று தனிப்பயிற்சி பெற்றவர்கள் மட்டுமே, கடல் அமைதியாக இருக்கும் ஏப்ரலுக்கும் செப்ரெம்பருக்கும் இடைப்பட்ட மாதங்களில், அங்கே இறங்குகிறார்கள். பிள்ளைகளுக்குக் காட்ட வேண்டியது வெறும் கடல்தான். அதைச் சொல்லிக் காட்டத் தெரிந்த ஒருவர் இருந்தால் அதுவே போதுமானது.

கதையையும் சரியாகச் சொல்ல வேண்டும். விமானந்தாங்கிக் கப்பலாகவே வரையப்பட்டுக் கட்டத் தொடங்கப்பட்ட முதற் கப்பல் ஹேர்மிஸ். 1942 ஏப்ரல் 5ஆம் திகதி, உயிர்த்த ஞாயிறன்று, யப்பானியர் கொழும்பின் மீது குண்டு வீசினர். திருகோணமலைக்கும் தாக்குதல் வரும் என்று தெரிந்தபோது, 8ஆம் திகதி இரவு ஹேர்மிஸ் அந்தத் துறைமுகத்தை விட்டுத் தெற்கே புறப்பட்டது. அதன் விமானங்கள் கரையிலேயே விடப்பட்டிருந்தன. மறுநாள் காலை திருகோணமலை தாக்கப்பட்டது. திரும்பி வரும் வழியில் யப்பானிய வேவு விமானம் ஒன்றின் கண்ணில் பட்ட அந்தக் கப்பல், தன்னைக் காப்பதற்குத் தன்னுடைய விமானம் ஒன்றுகூட இல்லாத நிலையில், அடுத்தடுத்து விழுந்த குண்டுகளால் மூழ்கியது. 307 பேர் இறந்தனர். உடன் வந்த வம்பயர் என்ற அவுஸ்திரேலிய நாசகாரிக் கப்பலும் மூழ்கியது. அவ்வழியே வந்த வீற்றா என்ற மருத்துவக் கப்பல் சுமார் 600 பேரைக் கடலிலிருந்து தூக்கியெடுத்தது.

நான் சுழியோடிகளைப் படகில் கூட்டிச்செல்பவன். இறங்குவதற்கு முன்னர் ஒவ்வொருவரிடமும் அது ஒரு கல்லறை என்று சொல்வேன். எதையும் தொடவோ எடுக்கவோ கூடாது என்றும் சொல்வேன். மகிழடித்தீவுத் தூபிக்கு நீங்கள் கொடுக்க நினைக்கும் அதே மரியாதையைக் கல்லடிக் கடலுக்கும் பிள்ளைகள் கொடுக்க வேண்டும் என்பது என் வேண்டுகோள்.

---

ஓய்வுபெற்ற ஆசிரியர் எழுதியது:

ஆழ்கடலோடி சொன்னவை சரியானவை. ஆயினும் இந்தத் திட்டத்தில் ஒரு பெரிய இடைவெளி இருக்கிறது. கடலில் நடந்த போரை ஒரு பக்கத்திலும் வயலையும் மாட்டையும் இன்னொரு பக்கத்திலும் வைத்து, நடுவில் ஒரு பாலத்தைப் போட்டிருக்கிறீர்கள். போரும் வயலும் இந்த மாவட்டத்தில் ஒருபோதும் தனித்தனியாக இருந்ததில்லை.

1942இல் பர்மா யப்பானியரிடம் விழுந்தது. இலங்கை உண்ட அரிசியின் பெரும்பகுதி அதுவரை வெளியிலிருந்தே வந்தது. அதிலும் பர்மா அரிசியே முதன்மையானது. அது நின்றவுடன் அரிசி பங்கீட்டுக்கு உட்பட்டது. அரசு உழவரிடமிருந்து நெல்லைத் தானே கொள்வனவு செய்யத் தொடங்கியது. மரவள்ளியும் குரக்கனும் கோதுமை மாவும் சோற்றின் இடத்துக்கு வந்தன. எங்கள் வீட்டுப் பெரியவர்கள் "கூப்பன் காலம்" என்று பேசத் தொடங்கினால், முதலில் வருவது கப்பலின் கதை அன்று. அளந்து போட்ட அரிசியின் கதைதான். உணவில் தன்னிறைவு பெற வேண்டும் என்ற அரசின் எண்ணம் அந்தப் பஞ்சத்தினால் வலுப்பெற்றது. போர் முடிந்து சில ஆண்டுகளில், 1949இல், கல்லோயா நீர்ப்பாசன, குடியேற்றத் திட்டம் தொடங்கியதற்குப் பின்னாலும் அந்த எண்ணம் இருக்கிறது. அந்தத் திட்டத்தின் குடியேற்றங்கள் பின்னாளில் அம்பாறையில் எத்தகைய பிணக்குகளுக்கு வித்திட்டன என்பதை இங்கே எல்லோரும் அறிவார்கள்.

ஆகவே கல்லடிக் கடற்கரையில் சொல்லத் தொடங்கும் கதையை வயல்வாடியில் சோற்றுக்கு முன்னால் இருந்து முடிக்க வேண்டும். பிள்ளைகளின் கையில் ஒரு பிடி நெல்லைக் கொடுத்துவிட்டுச் சொன்னால், பாடப்புத்தகத்தில் படித்ததைவிட ஆழமாகப் பதியும்.

தான்தோன்றீச்சரத்துக் கல் நந்தியையும் மறக்க வேண்டாம். கோயிலை இடிக்க வந்த பறங்கி (போர்த்துக்கேய)த் தளபதியின் முன்னால் அந்த நந்தி எழுந்து புல் தின்று சாணமிட்டது என்ற கதையைப் படுவான்கரையில் சின்னஞ்சிறு பிள்ளைகூடச் சொல்லும். படையெடுப்பை மக்கள் எந்த வடிவத்தில் நினைவில் வைத்திருக்கிறார்கள் என்று மாணவர்களிடம் கேட்பதற்கு அதைவிட நல்ல இடம் கிடையாது.

---

அம்பிலாந்துறைப் பெண் எழுதியது:

நான் மாற்றுக் கருத்தோடு வருகிறேன். மனம் நோக வேண்டாம், அண்ணன்.

சில ஆண்டுகளுக்கு முன்னர் இப்படி ஒரு குழு எங்கள் பக்கம் வந்தது. எந்தக் குழு என்று சொல்லப் போவதில்லை. வெள்ளை வானிலிருந்து இறங்கினார்கள். தூபியைச் சுற்றி நின்று கையை உயர்த்திப் படம் எடுத்தார்கள். பத்து நிமிடத்தில் ஏறிப் போய்விட்டார்கள். வேலிக்கு இந்தப் பக்கத்தில் என் பெரியம்மா நின்றுகொண்டிருந்தார். அந்தத் தூபியில் அவருடைய வீட்டார் இருவரின் பெயர்கள் இருக்கின்றன. வந்தவர்களில் ஒருவராவது "அம்மா, நீங்கள் யார்?" என்று கேட்கவில்லை. அன்று இரவு பெரியம்மா சாப்பிடவில்லை.

1987 ஜனவரியில் மகிழடித்தீவு இறால் பண்ணையில் வேலை செய்துகொண்டிருந்தவர்கள் கொல்லப்பட்டார்கள். 1991 யூன் 12ஆம் திகதி, வீதியோரக் குண்டுவெடிப்பில் படையினர் இருவர் இறந்த பின்னர், மகிழடித்தீவிலும் முதலைக்குடாவிலும் முனைக்காட்டிலும் பொதுமக்கள் கொல்லப்பட்டார்கள். அதை விசாரிக்க நியமிக்கப்பட்ட சனாதிபதி ஆணைக்குழு 67 பேர் இறந்ததாக எழுதியது. ஊர் மக்கள் சொல்லும் எண்ணிக்கை 150க்கும் மேல். இந்த இரண்டு எண்களுக்கும் இடையில் எத்தனை குடும்பங்கள் இருக்கின்றன என்று நினைத்துப் பாருங்கள். தயிர் முட்டியைப் பார்க்கப் போகும் வழியில் நிறுத்தி இறங்கும் இடமாக அதை வைக்க வேண்டாம் என்றுதான் கேட்கிறேன்.

கூட்டி வரவே கூடாது என்று நான் சொல்லவில்லை. வருவதற்கு முன்னர் ஊரவர்களிடம் கேளுங்கள். அவர்கள் விரும்பினால் அவர்களே பேசட்டும். விரும்பாவிட்டால் பூ வைத்துவிட்டு அமைதியாகப் போங்கள்.

---

காத்தநகரான் எழுதியது:

தங்கச்சி சொன்னது என் நெஞ்சைத் தொட்டது. எங்களிடத்திலும் இப்படியே நடக்கிறது.

வாவிக்கரையான் தம்பி, கல்லடியிலிருந்து தெற்கே போகும்போது காத்தான்குடியைக் கடந்துதான் போவீர்கள். உங்கள் நிரலில் அந்த ஊரின் பெயர் இல்லை. 1990 ஓகஸ்ட் 3ஆம் திகதி இரவுத் தொழுகையில் நின்றுகொண்டிருந்த நூற்றுக்கும் மேற்பட்டவர்கள் இரண்டு பள்ளிவாசல்களில் விடுதலைப் புலிகளால் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். அவர்களில் சிறுவர்களும் இருந்தார்கள். மீரா ஜும்ஆப் பள்ளிவாசலின் சுவரில் துப்பாக்கிக் குண்டுகளின் தழும்புகளைப் பூசி மறைக்காமல் இன்றும் வைத்திருக்கிறோம். அதற்கு முந்திய மாதம் குருக்கள்மடத்தில் முஸ்லிம் பயணிகள் வழிமறிக்கப்பட்டுக் கொல்லப்பட்டார்கள். அவர்களில் பலரின் உடல்கள் குடும்பங்களுக்குக் கிடைக்கவேயில்லை.

அந்த ஆண்டின் செப்ரெம்பரில் சத்துருக்கொண்டானில் தமிழ் மக்கள் கொல்லப்பட்டதையும் வந்தாறுமூலையில் பிடித்துச் செல்லப்பட்டவர்கள் காணாமற் போனதையும் நான் அறிவேன். ஒன்றை மற்றொன்றால் கழித்துவிட வேண்டும் என்பதற்காக இதைச் சொல்லவில்லை. வெளிநாட்டில் வளர்ந்த பிள்ளைகள் ஒரேயொரு நாள்தான் வருகிறார்கள். அந்த நாளில் வீதியின் ஒரு பக்கத்தை மட்டும் பார்த்துவிட்டுப் போனால், மற்றப் பக்கத்தைக் காட்ட அவர்களுக்கு யாரும் இரண்டாம் முறை கிடைக்கமாட்டார்கள். முன்கூட்டியே சொன்னால், பள்ளிவாசல் நிருவாகத்தோடு பேசி உங்களை வரவேற்க நான் ஏற்பாடு செய்கிறேன். பெண் பிள்ளைகள் தலையை மூட ஒரு துணி கொண்டுவந்தால் போதும்.

---

பட்டிப்பளை மகள் எழுதியது:

நான் மாட்டுப்பட்டியில் வளர்ந்தவள் என்பதால் மற்றப் பாதியைப் பற்றி எழுதுகிறேன். உங்கள் நிரலில் நகரத்து ஆட்கள் வழக்கமாக விடும் பிழைகள் சில இருக்கின்றன.

முதலாவது, மாடு. வயலில் பயிர் நிற்கும் காலத்தில் பட்டி ஊருக்குள் இருக்காது. விதைப்புத் தொடங்கும் முன்னரே மாடுகளைச் சாய்த்துக்கொண்டு தூரத்து மேய்ச்சல்தரைகளுக்குப் போய்விடுவார்கள். சிறுபோக (கோடைகால நெல்) வெட்டு முடிந்த பிறகுதான் அவை வயல்வெளிக்குத் திரும்பி அடிக்கட்டையை மேயும். ஆகவே ஆகஸ்ட் முதல் வாரத்தில் வந்தால் நெற்கதிரைப் பார்க்கலாம், பட்டியைப் பார்க்க முடியாது. கடைசி வாரத்தில் வந்தால் பட்டியைப் பார்க்கலாம், கதிர் இருக்காது. எது வேண்டும் என்று இப்போதே முடிவு செய்யுங்கள். என்னைக் கேட்டால் பட்டியைத்தான் சொல்வேன், ஏனென்றால் பிள்ளைகள் கேட்க வேண்டிய இன்றைய கதை அங்கே இருக்கிறது. மயிலத்தமடு, மாதவனை மேய்ச்சல்தரைகளில் அத்துமீறிப் பயிர் செய்கிறார்கள் என்று பண்ணையாளர்கள் 2023 செப்ரெம்பரில் தொடங்கிய போராட்டத்தைப் பற்றிப் பட்டிக்காரர் எவரிடம் கேட்டாலும் சொல்வார். போர் முடிந்த பின்னரும் நிலத்தைப் பற்றிய கேள்வி முடியவில்லை என்பதை வேறு யாரும் விளக்க வேண்டியதில்லை.

இரண்டாவது, நேரம். பால் கறப்பது விடியற்காலையில். கன்றை அவிழ்த்து ஊட்டவிட்டு, மடி சுரந்ததும் பிடித்துக் கட்டி, பிறகு கறப்பார்கள். நீங்கள் பின்னேரம் வந்தால் வெறும் பட்டியைத்தான் பார்ப்பீர்கள். தயிரும் அப்படியே: பாலைக் காய்ச்சி, ஆறவிட்டு, உறை ஊற்றி, முட்டியை மூடி வைத்தால் மறுநாள்தான் உண்ணலாம். முதல் நாளே பிள்ளைகளின் பெயர்களை முட்டிகளில் சுண்ணாம்பால் எழுதி உறை ஊற்றி வைத்துவிடுகிறோம். அவர்கள் மறுநாள் ஊற்றும் முட்டிகளை உங்கள் வீட்டுக்கு எடுத்துச் சென்று அடுத்த நாள் திறக்கட்டும்.

மூன்றாவது, வெயில். அந்த மாதங்களில் நண்பகலில் வீசும் கச்சான் காற்று உடம்பில் உள்ள நீரையெல்லாம் உறிஞ்சிவிடும். பதினொரு மணிக்கும் மூன்று மணிக்கும் இடையில் வெட்டவெளியில் யாரையும் நிறுத்த வேண்டாம். மருத மரத்து நிழலில் வாடி ஒன்று இருக்கிறது. அங்கே இருந்து உண்ணலாம், பேசலாம், பன்பாயில் சரிந்து படுக்கலாம். ஆற்று மீன் குழம்பும் முருங்கையிலைச் சுண்டலும் மோரும் தருகிறோம். பரணில் ஏறிப் பார்க்க விரும்புபவர்கள் ஒருவர் பின் ஒருவராக ஏறட்டும்; யானை வரும் வழியை அங்கிருந்து காட்டுவோம்.

வீச்சுவலையை நாலு மணிக்குப் பிறகு வைத்துக்கொள்ளுங்கள். ஒரே நாளில் யாரும் கற்றுக்கொள்ள முடியாது. பல்லில் ஒரு முனையைக் கடித்து, தோளில் மடித்துப் போட்டு, இடுப்பைத் திருப்பி எறிகிற அந்த ஓர் அசைவுக்கே பல மாதங்கள் வேண்டும். ஆனால் இடுப்பளவு தண்ணீரில் நின்று வலை விரியாமல் விழுவதைப் பத்து முறை பார்த்த பிள்ளைக்கு, ஒரு மீனின் விலை என்னவென்று தெரிந்துவிடும்.

குடும்பிமலையை விட்டுவிடுங்கள். கிரானுக்கு மேற்கே, உள்ளே போக வேண்டிய இடம் அது. 534 மீற்றர் உயர மலையையும் 2007 யூலையில் அங்கே முடிந்த, படையினருக்கும் புலிகளுக்கும் இடையிலான சண்டையையும் அதற்கு முன்னர் இடம்பெயர்ந்த இலட்சத்துக்கும் மேற்பட்ட மக்களையும் ஒரு மாலைப்பொழுதின் மிச்சத்தில் அடைக்க முடியாது. அதற்குத் தனியாக ஒரு நாள் வேண்டும்.

---

ஆழ்கடலோடி எழுதியது:

பாதுகாப்பைப் பற்றி இரண்டு சொற்கள். மட்டக்களப்பு மாவட்டம் கண்ணிவெடி அகற்றப்பட்ட மாவட்டமாக 2017இல் அறிவிக்கப்பட்டுவிட்டது. ஆனாலும் வயலோரத்திலோ பற்றைக்குள்ளோ துருப்பிடித்த இரும்பு எதைக் கண்டாலும் தொடாமல், இடத்தைக் குறித்துக்கொண்டு பொலிசுக்கு அறிவிக்க வேண்டும் என்று பிள்ளைகளுக்குச் சொல்லி வையுங்கள். வள்ளத்தில் ஏறும் ஒவ்வொருவருக்கும் உயிர்காப்பு அங்கி கட்டாயம் வேண்டும்; வாவி ஆழமில்லை என்று யார் சொன்னாலும் கேட்க வேண்டாம். ஐந்தரை மணிக்கு மேல் யானை நடமாடும் பக்கத்தில் நிற்கவும் வேண்டாம்.

---

அம்பாறைக் கமக்காரன் எழுதியது:

எங்கள் பக்கத்துக்கும் ஒரு நாள் வைக்கலாமே என்று கேட்பதற்காக எழுதுகிறேன். ஆசிரியர் ஐயா சொன்ன கல்லோயாக் கதையை அது நடந்த இடத்திலேயே சொல்லலாம். இங்கினியாகலை அணைக்கட்டில் நின்று சேனநாயக்க சமுத்திரத்தைப் பார்த்துவிட்டு, படகில் போய், தீவுக்குத் தீவு யானைகள் நீந்துவதைக் காணலாம். பிறகு வாய்க்காலின் மேல்முனையில் இருக்கும் சிங்கள ஊர்களையும் கடைமுனையில் இருக்கும் தமிழ், முஸ்லிம் ஊர்களையும் ஒரே வீதியால் இறங்கிப் பார்க்கலாம். பொதுமக்கள் கொல்லப்பட்ட இடங்களாக எங்கள் மாவட்டத்தில் 1990இல் வீரமுனை இருக்கிறது, 1999இல் கோணகல இருக்கிறது. கடைமுனையில் நிற்பவனுக்குத் தண்ணீர் எப்போது வந்தது, எப்போது வரவில்லை என்பதைக் கேட்டாலே பிணக்கின் வேர் பாதி விளங்கும். ஆனால் இதைப் படுவான்கரை நாளோடு சேர்க்க வேண்டாம். பட்டிப்பளை மகள் சொன்னதுபோல், ஒரு நாளுக்கு ஒரு நிலம் போதும்.

---

வாவிக்கரையான் எழுதியது:

உங்கள் ஒவ்வொருவருக்கும் நன்றி. மூன்று நாட்கள் யோசித்து, பழைய நிரலைக் கிழித்துவிட்டுப் புதிதாக எழுதினேன்.

ஆகஸ்ட் கடைசி வாரத்தில், நெற்கதிரை விட்டுவிட்டுப் பட்டியைத் தெரிவு செய்கிறோம். முந்தின நாள் மாலை ஐந்து மணிக்குக் கல்லடிக் கடற்கரையில் ஆழ்கடலோடி அண்ணன் ஹேர்மிஸைப் பற்றிப் பேசுவார். அங்கிருந்து காத்தநகரான் காக்காவின் துணையோடு பள்ளிவாசலுக்குப் போகிறோம். அன்றிரவு வேறு எதுவும் இல்லை. பிள்ளைகள் கேள்விகளோடு உறங்கட்டும்.

மறுநாள் விடிவதற்கு முன் மண்முனைப் பாலத்தால் நேரே பட்டிக்குப் போகிறோம். பால், கன்று, முட்டி. வெயில் ஏறியதும் வாடி நிழலில் ஆசிரியர் ஐயா கூப்பன் காலத்தையும் நெல்லையும் பற்றிப் பேசுவார். சோற்றுக்குப் பிறகு ஆலயம். மாலையில் அம்பிலாந்துறையில் வாவியில் வலை. வீதியால் திரும்பாமல், அம்பிலாந்துறையிலிருந்து குருக்கள்மடத்துக்குப் பாதையில் (ஆட்களையும் வாகனங்களையும் ஏற்றும் மிதவையில்) கடந்து வருகிறோம். பாலம் 2014இல் திறக்கப்படும் வரையில் மண்முனைத்துறையிலும் மக்கள் இப்படித்தான் கடந்தார்கள் என்பதையும், போர்க்காலத்தில் உர மூட்டை போவதற்கும் நெல் மூட்டை வருவதற்கும் துறையில் சோதனைக்காகக் காத்து நின்றார்கள் என்பதையும் அந்த இரும்புத் தட்டில் நின்றபடி சொல்லலாம். குருக்கள்மடத்தில் இறங்கியதும் சில நிமிடம் அமைதியாக நிற்போம்.

மகிழடித்தீவுத் தூபியை நிரலில் எழுதவில்லை. அந்த இடத்தை வெறுமையாக விட்டிருக்கிறேன், தங்கச்சி. நீங்களும் உங்கள் பெரியம்மாவும் சொல்வதைப் பொறுத்து அது நிரப்பப்படும். சொல்லாவிட்டால் வெறுமையாகவே இருக்கும்.

கைபேசிகள் வாடியில் ஒரு பெட்டிக்குள் இருக்கும். ஊரவர்களுக்குக் கொடுக்க வேண்டிய கூலியைப் பேரம் பேசாமல் முன்கூட்டியே கொடுத்துவிடுவோம். பல்கலைக்கழக மாணவர்களுக்காகப் பணம் வாங்கித் தொடர்ந்து நடத்துவதானால், சுற்றுலா அபிவிருத்தி அதிகாரசபையின் அனுமதிப்பத்திரமுள்ள வழிகாட்டி ஒருவரைச் சேர்த்துக்கொண்ட பின்னரே நடத்துவேன்.

---

அம்பிலாந்துறைப் பெண் எழுதியது:

அண்ணன், நேற்றுப் பெரியம்மாவிடம் நீங்கள் எழுதியதை முழுவதுமாக வாசித்துக் காட்டினேன். நீண்ட நேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு, தூபிக்கு முன்னால் பேச மாட்டேன், என் வீட்டு மாமரத்தடியில் பேசுவேன் என்றார். பிள்ளைகள் நிலத்தில் பாயில் இருக்க வேண்டும், கதிரை போட வேண்டாம் என்றார். தூபிக்கு அவர்களோடு தானும் வருவாராம். பூவைத் தன் முற்றத்திலிருந்து பறித்துத் தருவாராம்.

கடைசியாக ஒன்று கேட்டார்: வருகிற பிள்ளைகளுக்குத் தமிழ் விளங்குமா என்று. எனக்குப் பதில் தெரியவில்லை. விளங்காதவர்கள் இருந்தால், பக்கத்தில் இருந்து மெல்லச் சொல்லக்கூடிய ஒருவரைத் தயவுசெய்து கூட்டி வாருங்கள். அவர் ஒருமுறைதான் சொல்வார்.